கொல்லைப்புறமாக வந்தவர்களா?

நேற்று என் பதிவுக்குக் கீழே நடந்த சண்டையைப் பார்த்திருப்பீர்கள். தினக்கூலிகளை நிரந்தரம் செய்யச் சொன்ன தீர்ப்பைப் பகிர்ந்தேன், அவ்வளவுதான். "கொல்லைப்புறமாக வந்தவனுக்கெல்லாம் அரசு வேலையா? குரூப் ஃபோர் எழுதி வரட்டும்" என்று ஒருவர் எழுத, அதற்கு லைக் குவிந்தது. லைக் போட்டவர்களில் எனக்கு நேரில் தெரிந்தவர்களும் இருந்ததுதான் உறுத்துகிறது.

சரி, கொல்லைப்புறம் என்றே வைத்துக்கொள்வோம். அந்தக் கதவைத் திறந்துவிட்டது யார்? பெருக்குவதும் தோட்டம் பார்ப்பதும் காவல் காப்பதும் ஓர் அலுவலகத்துக்கு என்றைக்கும் தேவை. அது தெரிந்தும் பணியிடத்தை நிரப்பாமல், மஸ்டர் ரோல் என்ற தினக்கூலிப் பதிவேட்டில் பெயர் எழுதி வருஷக்கணக்காக வேலை வாங்கியது அரசு. பிறகு முறைப்படி நியமனம் இல்லை என்கிறது. முறைப்படி நியமிக்க வேண்டியது தினக்கூலியா, அரசா?

"உமாதேவி தீர்ப்பைப் படி" என்று ஒரு வக்கீல் நண்பர் இன்பாக்ஸில் வந்தார். படித்திருக்கிறேன். 2006 ஏப்ரலில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் சொன்னது. விதிமீறி வந்தவர்கள் நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்று அதில் இருப்பது உண்மை. அதே தீர்ப்பின் 53-ஆவது பத்தியில், அனுமதிக்கப்பட்ட பணியிடங்களில், நீதிமன்ற உத்தரவின் தயவு இல்லாமல், பத்து வருஷத்துக்கு மேல் உழைத்த தகுதியுள்ளவர்களை ஒரு முறை வரன்முறை செய்யுங்கள், அதாவது நிரந்தரமாக்குங்கள் என்றும் இருக்கிறது. அந்தப் பத்தியை யாரும் ஸ்க்ரீன்ஷாட் எடுத்துப் போடுவதில்லை.

எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று கேட்கிறீர்கள். என் அப்பா ஓர் அரசு அலுவலகத்தில் என்.எம்.ஆர்., அதாவது தினக்கூலி வாட்ச்மேன். மாதக் கடைசியில் வவுச்சரில் ரெவின்யூ ஸ்டாம்ப் ஒட்டிக் கையெழுத்துப் போட வேண்டும். கையெழுத்து ஸ்டாம்பைத் தாண்டிக் கோணலாகப் போனால் கிளார்க் சத்தம் போடுவார் என்று, முதல் நாள் ராத்திரி பழைய காலண்டர் தாளின் பின்பக்கம் போட்டுப் பார்ப்பார். சேர்ந்தது 1996 ஜூன். 2006 பிப்ரவரியில் தினக்கூலிகளை நிரந்தரம் செய்யும் அரசாணை 22 வந்தது: 1.1.2006 அன்று பத்து வருஷம் முடித்திருக்க வேண்டும். அப்பாவுக்கு ஐந்து மாதம் குறைந்தது. அதற்கப்புறமும் 2018 வரை அதே கேட்டில் நின்றார். அந்தப் பன்னிரண்டு வருஷம் எந்தக் கணக்கிலும் வரவில்லை, பென்ஷனும் இல்லை. நேற்று லைக் போட்ட இரண்டு பேர் அதே அலுவலகத்தில் பென்ஷனோடு ஓய்வு பெற்றவர்கள். வாங்கட்டும், அது அவர்கள் உரிமை. ஆனால் அப்பா எப்படி வேலை பார்த்தார் என்று உங்களுக்குத் தெரியுமே, சார். நீங்களுமா?

"தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகளின் வாய்ப்பு போகிறதே" என்கிறார்கள். அந்தப் பிள்ளைகளின் வலி எனக்கும் தெரியும், என் தம்பியும் அதில் ஒருவன். ஆனால் வாய்ப்பைப் பறித்தது வாட்ச்மேன் இல்லை. மத்திய நீர் ஆணையத்தின் ஃபரீதாபாத் அலுவலகத்தில் பெருக்கியவர்களும் தோட்டம் பார்த்தவர்களும் வரன்முறை கேட்டுத் தீர்ப்பாயம் போனார்கள். 2018-இல் மனு தள்ளுபடி. அதே வருஷம் அக்டோபரில் ஒரு நோட்டீஸ்கூட இல்லாமல் வாய்வார்த்தையாகவே நிறுத்திவிட்டார்கள். அந்த இடங்களுக்குத் தேர்வு வைத்தா ஆள் எடுத்தார்கள்? கான்ட்ராக்டில் விட்டார்கள். 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அவர்களைத் திரும்பச் சேர்த்து வரன்முறை செய்யச் சொன்னது. உமாதேவி தீர்ப்பைக் காட்டித் தகுதியானவர்களையும் அரசுத் துறைகள் தட்டிக்கழிக்கின்றன என்றும் அதே தீர்ப்பு கண்டித்தது. ஜக்கோ வழக்கு என்று தேடுங்கள், கிடைக்கும்.

நிதி இல்லை என்ற வாதத்துக்கு நான் பதில் சொல்லப் போவதில்லை. 2025 ஆகஸ்டில் உத்தரப் பிரதேசத் தினக்கூலிகள் வழக்கில், அடிப்படை வேலை செய்கிறவர்களின் முதுகில் பட்ஜெட்டைச் சரிக்கட்டக் கூடாது என்று உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது.

தீர்ப்பு வந்ததும் எல்லாம் கிடைத்துவிட்டதாகப் பேசுகிறீர்கள். ஜெயித்த பிறகும் மேல்முறையீடு, அப்புறம் சீராய்வு மனு, அதற்கும் பிறகு உத்தரவை அமல்படுத்தாமல் ஃபைல் மேஜை மேஜையாகச் சுற்றும். நொந்துபோய் அவமதிப்பு வழக்குப் போட்டால், அரசுக்காக வாதாடும் வக்கீலுக்கு ஃபீஸ் கஜானாவிலிருந்து போகும். தொழிலாளி தன் வக்கீலுக்கு அந்தத் தினக்கூலியிலிருந்துதான் கொடுக்க வேண்டும்.