கொசுவம்: பின்னலும் இல்லை, வெறும் மடிப்பும் இல்லை

சேலைக் கொசுவத்தின் பழைய பெயரான ‘கொய்சகம்’ என்ற சொல்லுக்குச் ‘சேலைப் பின்னல்’ என்று பொருள் எழுதினால், சேலை கட்டத் தெரிந்த யாரும் சிரித்துவிடுவார்கள். ஆனால் அகராதியை மட்டும் கையில் வைத்துக்கொண்டு எழுதுகிறவர் அந்தப் பள்ளத்தில் விழத்தான் செய்வார். பழைய தமிழ்–ஆங்கில அகராதிகள் இந்த மாதிரிச் சொற்களுக்கு எதிரே ‘ப்ளெய்ட்’ என்று போட்டிருக்கும். இன்று அந்தச் சொல்லைக் கேட்டால் சடைதான் கண்ணில் நிற்கும். அந்த அகராதிகள் எழுந்த காலத்து ஆங்கிலத்தில் அது துணி மடிப்புக்கும் பெயர். தையற்கடையில் நாம் ‘ப்ளீட்’ என்கிறோமே, அது அதே ‘ப்ளெய்ட்’ என்பதன் இன்னொரு உருவம்தான். இரண்டும் மடித்தலைக் குறிக்கும் லத்தீன் வினையிலிருந்து பிரெஞ்சு வழியாக வந்தவை. ஆங்கிலத்தில் பின்னாளில் ஒன்று துணிக்கும் மற்றொன்று தலைமுடிக்கும் என்று பாகம் பிரிந்துவிட்டது. பிரிவதற்கு முன் எழுதிய பொருளை, பிரிந்த பின் படித்துத் திரும்பத் தமிழாக்கினால் கொசுவம் சடையாகிவிடுகிறது.

தமிழில் இந்தக் குழப்பத்துக்கு வேலையே இல்லை. விரல் செய்கிற ஒவ்வொரு வேலைக்கும் தனி வினை வைத்திருக்கிறோம். சடையைப் பின்னுகிறோம். ஓலையை முடைகிறோம். கயிற்றைத் திரிக்கிறோம். பூவைத் தொடுக்கிறோம். நூலை நெய்கிறோம். சேலையைக் கொய்கிறோம். இந்தக் கடைசி வினைதான் இப்போது பலருக்குப் புதிதாகத் தெரிகிறது. பூக்கொய்தல் தெரியும், சேலை கொய்தல் தெரியாது. ஆனால் கையின் அசைவு ஒன்றேதான். கட்டைவிரலும் மற்ற விரலும் கூடி ஒரு சின்னப் பகுதியைக் கிள்ளிப் பிடித்து எடுப்பது. காம்போடு வந்தால் பூ, மடிந்து வந்தால் கொசுவம்.

மயிருக்கும் இந்த வினை போயிருக்கிறது. சங்கப் பாடல்களில் குதிரையைக் ‘கொய்சுவல் புரவி’ என்றும் ‘கொய்யுளை’ உடையது என்றும் சொல்வார்கள். சுவல், உளை இரண்டும் பிடரிமயிர். அங்கே கொய்தது என்றால் கத்தரித்துச் சீராக்கியது, பின்னியது அல்ல. ஆக ‘கொய்’ துணியிலும் முடியிலும் ஒருசேரப் புழங்கிய வினைதான், ஆனால் இரண்டு இடத்திலும் சடை பின்னும் வேலையைச் செய்யவில்லை.

துணிக்கும் முடிக்கும் நிஜமாகவே பொதுவாக நின்ற சொல் வேண்டுமென்றால் ‘நெறி’யைப் பாருங்கள். ‘நெறிகூந்தல்’ என்றால் அலையலையாக வளைந்த கூந்தல். கன்னடத்தில் சேலைக் கொசுவத்துக்கு ‘நெரிகெ’ என்று பெயர். இரண்டும் உறவுச் சொற்கள். நாம் கூந்தலுக்கு வைத்துக்கொண்டதை அவர்கள் சேலைக்கு வைத்துக்கொண்டார்கள். மலையாளத்தில் ‘ஞொறி’, தெலுங்கில் ‘குச்சிள்ளு’. நம்மிடம் கொய்சகம், கொய்யகம், கொச்சகம், கொசுவம் என நான்கு உருவம் இருந்தும், வாயில் வருவது ‘ப்ளீட்ஸ்’. கேட்டால் கொசுவம் கொச்சையாம்! நான்கில் தமிழ்நாட்டில் இன்றைக்கும் உயிரோடு நடமாடுவது அது ஒன்றுதான். ஈழத்தில் கொய்யகம் தெரிந்தவர்கள் உண்டு.

கொச்சகம் என்றதும் யாப்பிலக்கணம் படித்தவர்களுக்குக் கொச்சகக் கலிப்பா என்ற பாவகை நினைவுக்கு வரும். அதே சொல்தான். தொல்காப்பியச் செய்யுளியலுக்கு உரை எழுதிய, பேராசிரியர் என்ற பெயருடைய பழைய உரையாசிரியர், இது உவமையால் வந்த பெயர் என்று விளக்குகிறார். ஓர் ஆடையில் ஒரு பக்கமாக அடுக்கி வைத்த பகுதி கொச்சகம், அதைப் போலச் செய்யுளில் உறுப்புகள் அடுக்கி வருவதும் கொச்சகம். சேலைக்குப் பாட்டிலிருந்து பெயர் வரவில்லை, பாட்டுக்குத்தான் சேலையிலிருந்து பெயர் போயிருக்கிறது. பிற்கால இலக்கணம் சொல்லும் ஐந்து வகையைக் கவனித்தால் உவமை எவ்வளவு பொருத்தம் என்று தெரியும். தரவு, தாழிசை என்பவை கலிப்பாவின் உறுப்புகள். ஒரே தரவு வந்தால் தரவு கொச்சகம், இரண்டு வந்தால் தரவிணை, தாழிசை சில அடுக்கினால் சிஃறாழிசை, பல அடுக்கினால் பஃறாழிசை, உறுப்புகள் முறை மாறி மயங்கி வந்தால் மயங்கிசை. எத்தனை அடுக்கு, எந்த ஒழுங்கில் என்பதுதான் கணக்கு. சேலை கட்டுகிறவரும் அதையேதான் எண்ணுகிறார்.

அந்த உரையில் இருக்கும் ‘ஒரு பக்கமாக அடுக்கியது’ என்பதைவிடக் கொசுவத்துக்கு நல்ல இலக்கணம் கிடையாது. மடிப்பு என்றால் பெட்டியில் வைக்க மடித்ததும் மடிப்பு, தேய்த்த கோடும் மடிப்பு. சுருக்கு என்றால் பாவாடை இடுப்பில் நாடாவை இழுத்ததும் தாறுமாறாகக் குவிகிறதே, அது. கொசுவம் என்றால் ஒரே அகலம், ஒன்றன்மேல் ஒன்று, ஓரிடத்தில், வெட்டாத ஒரே துணியில். தோளில் போடுவதை ‘முந்தானை மடிப்பு’ என்றுதான் சொல்வார்கள், ‘தோள் கொசுவம்’ என்று யாரும் சொல்வதில்லை. இடுப்பில் செருகினால்தான் கொசுவம்.

இனி அந்தக் கணக்கு. ஆறு கஜம் என்றால் 216 அங்குலம். இடுப்புச் சுற்று 40 அங்குலம் என்று வைத்துக்கொள்வோம். முதல் சுற்றுக்கு 40. கொசுவத்துக்குப் பிறகு இன்னொரு சுற்று, அதற்கும் 40. இடுப்பிலிருந்து மார்பின் குறுக்கே ஏறித் தோளைத் தொட 26. முதுகில் தொங்கும் முந்தானை 40. மொத்தம் 146 போனால் மீதி 70 அங்குலம். கொசுவத்துக்குக் கிடைப்பது இவ்வளவுதான். ஒரு கொசுவம் 5 அங்குல அகலம் என்றால் போக 5, வர 5, ஆக 10 அங்குலத் துணி தின்னும். ஏழு கொசுவம் வரும். சுற்றளவு 46 என்றால் இரண்டு சுற்றிலும் சேர்த்து 12 அங்குலம் கூடுதலாகப் போய்விடும், ஒரு கொசுவத்துக்கு மேல் குறையும். முந்தானையை இன்னும் கீழே இறக்கினால் இன்னும் குறையும். ‘அவளுக்கு எட்டு வருது, எனக்கு அஞ்சுதான் வருது’ என்பதில் கைத்திறன் குறைவு எதுவும் இல்லை, கழித்தல் கணக்குதான். அஞ்சு போதும். ஏழு வரவேண்டும் என்று அகலத்தை 3 அங்குலமாகக் குறைத்தால் அடுக்கு தடித்து வயிற்றில் துருத்தும்.

எடுக்கும் முறை: முதல் சுற்றைச் செருகியதும் கொசுவத்துக்குப் போகாதீர்கள். முந்தானையைத் தோளில் போட்டு நீளத்தை முடிவு செய்து ஒரு ஊசி குத்திவிடுங்கள். நடுவில் தொங்குவது எவ்வளவோ அதுதான் கொசுவத்துக்கு. முதலில் கொசுவம் எடுத்துவிட்டு மீதியை முந்தானையாக்கினால் முந்தானை குட்டையாகும், பிறகு எல்லாவற்றையும் அவிழ்க்க வேண்டும். வலது கையின் கட்டைவிரலையும் சுண்டுவிரலையும் விரித்து அளவாக வைத்துக்கொண்டு, துணியை இந்த விரலுக்கும் அந்த விரலுக்கும் மாற்றி மாற்றிப் போக்க வேண்டும். எடுத்த அடுக்கை இடது கை பிடித்துக்கொள்ளும். அளவு எப்போதும் ஒரே கையிலிருந்து வரவேண்டும். நடுவில் கை மாற்றினால் அகலம் மாறும்.

எடுத்து முடித்ததும் மேல் விளிம்பைச் சமன் செய்வதில்தான் பாதிப் பேர் கோட்டை விடுகிறார்கள். மேல் விளிம்பு இருப்பதும் இல்லாததும் யாருக்கும் தெரியாது, செருகினால் உள்ளே போய்விடும். சமமாக வேண்டியது கீழ் விளிம்பு. அடுக்கைத் தூக்கிப் பிடித்து, கரையோரத்தை ஒன்றன்மேல் ஒன்று சேரும்படி உதறி, கீழே சமம் ஆன பிறகு மேலே இருப்பது எப்படி இருந்தாலும் அப்படியே பிடித்துச் செருகுங்கள். மடிப்பு வாய் இடப்பக்கம் பார்க்க வேண்டும். செருகுவதற்கு ஓர் அங்குலம் கீழே, எல்லா அடுக்கையும் சேர்த்து உட்புறமாக ஒரே ஊசி. அதைப் பாவாடை நாடாவோடு சேர்த்துக் குத்தாமல் துணியோடு மட்டும் குத்துங்கள். நாடா அசையும், அசைந்தால் பட்டு கிழியும்.

எல்லாம் செய்தும் கொசுவம் ஒரு பக்கம் ஏறி நிற்கிறதா? குற்றம் கொசுவத்தில் இருக்காது. முதல் சுற்றின் கீழ்விளிம்பு தரைக்கு இணையாக இல்லை, அல்லது பாவாடை நாடா ஒரு பக்கம் இறங்கியிருக்கிறது. அங்கே திருத்தாமல் கொசுவத்தை எத்தனை முறை இழுத்தாலும் திரும்ப ஏறும். நடுவில் விசிறியாக விரிந்து நிற்கிறதா? மேலே மட்டும் பிடித்துவிட்டு முழங்கால் வரை அடுக்கை நீவிவிடாமல் விட்டிருப்பீர்கள். கஞ்சி போட்ட பருத்தி நீவினால் அப்படியே நிற்கும். ஜார்ஜெட், ஷிஃபான் வழுக்கும், அதற்கு 4 அங்குலமாக எட்டு எடுத்தால் எடை சேர்ந்து விழும்.

ஃபால்ஸ் தைப்பதற்கும் இந்தக் கணக்குதான். முதல் சுற்று 40, கொசுவம் 70, ஆக 110 அங்குலம் வரைக்கும்தான் கரை தரையில் உரசும். கடையில் கிடைக்கும் ஃபால்ஸ் துணி ஏறக்குறைய அந்த நீளத்தில் இருப்பது தற்செயல் இல்லை. அதை உள்முனைப் பக்கமிருந்து தைக்க வேண்டும். முந்தானைப் பக்கமிருந்து தைத்துவிட்டால் தோளில் போய் நிற்கும், கொசுவத்துக்கு ஒன்றும் இருக்காது.

பின்கொசுவத்தில் இந்த வரிசையே தலைகீழ். அங்கே கொசுவம் முதல் வேலை. உள்முனையிலேயே கொய்து, பின்னிடுப்பில் வைத்து, அதன்மேல் சேலையைச் சுற்றி இறுக்குவார்கள். மேல் விளிம்பு செருகலுக்கு வெளியே எட்டிப் பார்த்து விசிறி மாதிரி விரிந்து நிற்கும். முன்கட்டில் மறைவது இங்கே அலங்காரம், ஆகவே மேல் விளிம்பும் சமமாக இருந்தாக வேண்டும். ஊசி தேவையில்லை, மேலே வரும் சுற்றே பூட்டு. முன்பக்கம் காலில் தட்ட ஒன்றுமில்லாததால் குனிந்து நிமிர்ந்து வேலை செய்யத் தோதான கட்டு. ஒன்பது கஜ மடிசாரில் கால்களுக்கு நடுவே போய்ப் பின்னால் செருகுவது கச்சம். அதைக் கொசுவத்தோடு சேர்த்துக் குழப்பக்கூடாது. முந்தானை ஐயர் கட்டில் வலது தோள், ஐயங்கார் கட்டில் இடது தோள்.

இப்போது சடைக்கு வருவோம், ஏன் இது அது இல்லை என்று காட்டத்தான். கொசுவம் ஒரே துணி தன்மேல் தானே திரும்பி நிற்பது. எதுவும் எதையும் தாண்டவில்லை. ஒரு முனையைப் பிடித்து இழுத்தால் அத்தனையும் விரியும், செருகலோ ஊசியோ இருந்தால்தான் நிற்கும். பின்னலுக்குக் குறைந்தது மூன்று கால் வேண்டும். வெளிக்கால் நடுவுக்கு வரும், மறுபக்கத்து வெளிக்கால் அதன்மேல் தாண்டி நடுவுக்கு வரும். ஒவ்வொரு காலையும் அடுத்தது அமுக்குவதால், இழுத்தால் இறுகும். நுனியில் மட்டும் கட்டினால் போதும். மூன்று காலும் ஒரே தடிமன் இல்லாவிட்டால் தடித்த கால் நேராக ஓடும், மெல்லிய இரண்டும் அதைச் சுற்றிக்கொள்ளும், சடை முறுக்கிய கயிறு போலத் திரும்பும். ஈரத்தில் இறுக்கிப் பின்னினால் முடி அறும், நனைந்த முடிக்கு வலு குறைவு.

‘பின்னலாடை’ என்ற சொல்லும் கொஞ்சம் வழுக்கல்தான். பனியனில் பின்னல் கிடையாது, ஒரு கண்ணிக்குள் இன்னொரு கண்ணி கோத்துப் போவது. ஒரு நூல் அறுந்தால் கண்ணி ஓடுவது அதனால்தான், சடை அப்படி ஓடாது. ஊன்றிவிட்ட சொல், மாற்றச் சொல்லவில்லை.

துணியும் சடையும் நிஜமாகச் சந்திக்கும் இடம் குஞ்சம். முந்தானை ஓரத்தில் தறியிலிருந்து வெட்டியதும் பாவு நூல் தொங்கும். அதை இரண்டு பிரிவாக எடுத்து, இரண்டையும் ஒரே திசையில் முறுக்கி, பிறகு இரண்டையும் சேர்த்து எதிர்த்திசையில் முறுக்கி நுனியில் முடிச்சுப் போட வேண்டும். எதிர்த்திசை முக்கியம். ஒரே திசையில் முறுக்கினால் முடிச்சை விட்டதும் பிரிந்துவிடும். இது முறுக்கு, பின்னல் இல்லை. சடைக்குஞ்சத்தில்தான் பின்னல். குஞ்சத்தின் நூலை மூன்றாகப் பிரித்து, சடையில் கடைசி மூன்றில் ஒரு பங்கு இருக்கும்போது காலுக்கு ஒன்றாகச் சேர்த்துப் பின்னிக்கொண்டே இறங்க வேண்டும். நுனியில் வெறுமனே கட்டித் தொங்கவிட்டால் எடை முழுவதும் சில மயிரிழையில் நின்று, நழுவும், இல்லையென்றால் பிய்க்கும்.

கட்டிக் கழற்றிய பட்டுச் சேலையை அதே கொசுவக் கோட்டில் மடித்து வைக்காதீர்கள். முன்கூட்டியே கொசுவம் எடுத்துத் தேய்த்து வாங்குகிறவர்களுக்கு இது இன்னும் அவசியம். தேய்த்த கோட்டிலேயே மாதக்கணக்கில் கிடந்தால் சரிகை அந்த இடத்தில் ஒடியும், பிறகு பட்டு அதே கோட்டில் விட்டுப்போகும். விழா முடிந்ததும் ஊசிகளை எடுத்து, கொசுவத்தை விரித்து, ஓரிரவு கொடியில் போட்டு, வேறு கோட்டில் மடித்து வையுங்கள்.