மீதி எட்டு நிமிஷம்

ஞாயித்துக்கிழமை கூட்டத்துல என்ன நடந்துச்சுன்னு வந்தவங்களுக்குத் தெரியும், வராதவங்க என் கையிலேருந்து மைக்கை வாங்கின அந்த ரீலைப் பார்த்திருப்பீங்க, அதனால முதல்லேருந்து ஆரம்பிக்கல. மூணு நாளா எழுதலாமா வேணாமான்னு இருந்தேன். "விடுங்கக்கா, பெருசு பண்ணாதீங்க"ன்னு நாலு பேர் இன்பாக்ஸ்ல சொன்னாங்க. விட்டுடலாம்னுதான் நெனச்சேன். காலையில பார்த்தா அந்த ரீலுக்குக் கீழ யாரோ எனக்குக் "கப்பல் அக்கா"ன்னு பேர் வச்சிருக்காங்க, அதுக்கு ஒருங்கிணைப்பாளரே ஹார்ட் போட்டிருக்கார். சரி, அப்ப பேசிடுவோம்.

அமெரிக்க சுதந்திரப் போர் பத்திப் பேச இருபது நிமிஷம்னு சொல்லிக் கூப்பிட்டாங்க. பன்னெண்டாவது நிமிஷத்துல ஒருங்கிணைப்பாளர், "மேடம் கப்பல் மேல கப்பலா விடறாங்க, சுதந்திரம் கப்பல்ல வராது, ரத்தத்துலதான் வரும்"னு சொல்லி மைக்கை வாங்கிட்டார். ஒரே கைத்தட்டல். எனக்கு ஒரு சால்வை. நானும் சிரிச்சுக்கிட்டே வாங்கிக்கிட்டேன் பாருங்க, அதுதான் இன்னும் எரியுது.

நான் சொல்ல வந்தது ஒண்ணே ஒண்ணுதான். அமெரிக்காக்காரன் இங்கிலாந்துகிட்டேருந்து பிரிஞ்ச அந்தப் போர்ல, 1781 அக்டோபர் 19ந்தேதி வர்ஜீனியாவுல இருக்கிற யார்க்டவுன்ல இங்கிலீஷ் தளபதி கார்ன்வாலிஸோட படை சரணடைஞ்சுதே, அதோட கதவைப் பூட்டினது கடல்ல. நிலத்துல நடந்தது கதவைத் தட்டினது மட்டும்தான். கதவு பூட்டியிருக்கலேன்னா உள்ள இருக்கிற ஆள் கொல்லைப்பக்கமா போயிருப்பான், அவ்ளோதான். இதுல ரத்தத்தை அவமானப்படுத்தற வார்த்தை எங்க இருக்குன்னு எனக்கு இன்னும் புரியல.

கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. கார்ன்வாலிஸ் யார்க்டவுன்ல எதுக்குப் போய் உக்காந்தார்? பெரிய கப்பல் வந்து நிக்கிற மாதிரி ஆழமான துறைமுகம் ஒண்ணைப் பிடிச்சு வைன்னு நியூயார்க்லேருந்து அவரோட மேலதிகாரி கிளிண்டன் சொன்னதால. அதாவது கப்பல் வரும்ங்கிற நம்பிக்கையிலதான் கடலை முதுகுக்குப் பின்னாடி வச்சுக்கிட்டு உக்காந்தார். வந்துச்சு. ஆனா வந்தது பிரெஞ்சுக் கப்பல். டி கிராஸ்ங்கிற பிரெஞ்சுக் கடற்படைத் தளபதி கரீபியன்லேருந்து 28 போர்க்கப்பலோட, மூவாயிரத்துக்கு மேல சிப்பாய்ங்களோட வந்து யார்க்டவுனுக்குக் கடல் வாசலான செசபீக் வளைகுடா வாய்ல நங்கூரம் போட்டுட்டார். கியூபாவுல இருக்கிற ஹவானாவுக்கு ஒரு கப்பலை அனுப்பி 5,00,000 பெசோ வெள்ளிக்காசையும் வாங்கிட்டு வந்தார். இதைச் சொன்னப்பதான் முன்வரிசையில ஒருத்தர் கொட்டாவி விட்டார், பார்த்தேன்.

செப்டம்பர் 5ந்தேதி இங்கிலாந்து கப்பற்படை வருது, கிரேவ்ஸ் தலைமையில 19 கப்பல். பிரெஞ்சுக்காரன் தயாராவே இல்ல, ஆயிரக்கணக்குல மாலுமிங்க கரையில இறங்கியிருக்காங்க, கடல் ஏத்தம் வத்தற வரைக்கும் வெளிய வர முடியல, அப்புறம் நங்கூரக் கயித்தை அறுத்துவிட்டுட்டு 28ல 24 கப்பல் ஒண்ணும் ரெண்டுமா சிதறி வெளிய வருது. அந்த நேரத்துல பாய்ஞ்சிருந்தா கதையே வேற. கிரேவ்ஸ் என்ன பண்ணார்? வரிசை கட்டினார். வரிசையை விடாதேன்னு ஒரு கொடி, கிட்டப் போய் அடின்னு ஒரு கொடி, ரெண்டும் மாறி மாறி, சில நேரம் சேர்ந்தே பறந்துச்சு. கிரேவ்ஸுக்குக் கீழ இருந்த ஹூட்டோட பிரிவு பின்னாடி வந்துச்சு, அது எந்தக் கொடியை மதிக்கிறதுன்னு வரிசையிலேயே நின்னுடுச்சு, அவங்க சண்டைக்குள்ள வர்றதுக்குள்ள பொழுது சாய்ஞ்சிடுச்சு. மொத்தம் ரெண்டு, ரெண்டரை மணி நேரம். சண்டையில ஒரு கப்பல் கூட முழுகல. அடி வாங்கின ஒரு கப்பலை இங்கிலீஷ்காரனே சில நாள் கழிச்சு எரிச்சுட்டான்.

இந்த ரெண்டரை மணி நேரத்தைத்தான் நான் "முடிவு பண்ணின சண்டை"ன்னு சொன்னேன். அதுக்குத்தான் அந்த சிரிப்பு.

அப்புறம் நாலஞ்சு நாள் ரெண்டு படையும் ஒண்ணையொண்ணு பார்த்துக்கிட்டே தெக்கால நகருது, அந்த கேப்புல நியூபோர்ட்லேருந்து இன்னொரு பிரெஞ்சுத் தளபதி டி பராஸ் 8 கப்பல்ல முற்றுகைக்கு வேண்டிய பெரிய பீரங்கிகளை ஏத்திக்கிட்டு உள்ள நுழைஞ்சுட்டார். டி கிராஸும் திரும்பி வந்துட்டார். 36 கப்பல் வாசல்ல. கிரேவ்ஸ் ரிப்பேருக்கு நியூயார்க் போயிட்டார். பூட்டு விழுந்தாச்சு. அமெரிக்கத் தளபதி வாஷிங்டனும் பிரெஞ்சு நிலப்படைத் தளபதி ரோஷாம்போவும் யார்க்டவுனுக்கு முன்னாடி வந்து நின்னது செப்டம்பர் 28. நல்லா கவனிங்க, பூட்டு விழுந்ததுக்கு அப்புறம்.

இதை நானா சொல்லலங்க. வாஷிங்டனே சண்டை முடிஞ்ச அடுத்த மாசம் லஃபாயெட்ங்கிற பிரெஞ்சு அதிகாரிக்கு எழுதின கடுதாசியில, பலமான கப்பற்படை இல்லாம நம்மால எதையும் முடிவா சாதிக்க முடியாதுங்கிற அர்த்தத்துல எழுதியிருக்கார். அவரையும் மேடையில ஏத்தி மைக்கைப் பிடுங்கிடுங்க, சால்வை போட்டு அனுப்பிடுங்க.

எனக்கு ஏன் இதுல இவ்ளோ கோவம்னு கேக்கறவங்களுக்கு ஒண்ணு சொல்றேன். எங்கப்பா ஓ.டி., அதாவது கடலூர் ஓல்டு டவுன் துறைமுகத்துல டாலி கிளார்க். அப்பல்லாம் நம்மூர்ல பெரிய கப்பல் கரைக்கு வராது, தூரத்துல நங்கூரம் போட்டு நிக்கும், பார்ஜ் போய்தான் மூட்டையை இறக்கிட்டு வரணும். அப்பா வேலை எண்றது. எத்தனை மூட்டை ஏறுச்சு, எத்தனை இறங்குச்சு, எத்தனை கிழிஞ்சுது. உரக்கப்பல் வந்தா ராத்திரி பகல் கிடையாது, சட்டையைக் கழட்டிப்போட்டா வீடே யூரியா நாத்தம் அடிக்கும். அந்த உரம்தான் டெல்டா வயலுக்குப் போகும். விளைச்சல் நல்லா இருந்தா விவசாயிக்குப் பேரு, அது சரி, கஷ்டப்பட்டது அவர்தான். மந்திரிக்கும் பேரு, அது ஏன்னு தெரியல. எண்ணினவனுக்கு என்ன? ஒரு தடவை கணக்குல ஏழு மூட்டை குறைஞ்சுதுன்னு அப்பாவை ஆபீஸ் வாசல்ல ஒரு நாள் பூரா நிக்க வச்சாங்க. மறுநாள் மூட்டை பார்ஜோட ஒரு மூலையிலேயே கிடைச்சுது. சாரின்னு ஒரு வார்த்தை யாரும் சொல்லல. நான் அப்ப ஏழாவது. வீட்டுக்கு வந்து சாப்பிடாம படுத்துட்டார்.

அதனால கப்பல்னா எனக்கு சாமான், கணக்கு, நேரத்துக்கு வர்றது, வராம போறது. பாய்மரமும் வீரமும் எல்லாம் அப்புறம்தான்.

சரி, முற்றுகைக்கு வர்றேன். முற்றுகைன்னா நம்ம ஆளுங்களுக்கு உடனே கோட்டைச் சுவர்ல ஏணி, வாளு, ரத்தம். தானே புயல் ஞாபகம் இருக்கா, 2011 டிசம்பர் 30? எங்க தெருவுல பதினாறு நாள் கரண்ட் இல்ல, மோட்டார் இல்ல, தண்ணி இல்ல, ரோடெல்லாம் மரம். அம்மா ஒரு குடத்தைப் பார்த்துப் பார்த்து செலவு பண்ணுச்சு. ஒவ்வொரு வண்டிச் சத்தத்துக்கும் வாசலுக்கு ஓடுவோம், நம்ம தெருவுக்கா வருதுன்னு. முற்றுகைன்னா அந்த ஓட்டம்தான். கார்ன்வாலிஸ் அப்படித்தான் ஓடி ஓடி கடலைப் பார்த்தார். "கப்பல் வருது, தாங்கு"ன்னு கிளிண்டன் கடுதாசி போட்டுக்கிட்டே இருந்தார்.

அக்டோபர் 6 ராத்திரி பதுங்குகுழி வெட்ட ஆரம்பிச்சாங்க, 9ந்தேதி பீரங்கி பேச ஆரம்பிச்சுது. 14ந்தேதி ராத்திரி ரெண்டு காவல் அரண்களைப் பிடிச்சாங்க, ஒண்ணு பிரெஞ்சுப் படை, இன்னொண்ணு ஹாமில்டன் தலைமையில அமெரிக்கப் படை. வீரம்தான், நான் எப்ப இல்லன்னேன்? 16ந்தேதி ராத்திரி கார்ன்வாலிஸ் படகுல ஆத்தைத் தாண்டி அக்கரைக்குத் தப்பிக்கப் பார்த்தார், புயல் மழை வந்து படகெல்லாம் கலைஞ்சு போச்சு. மறுநாள் காலையில ஒரு சின்னப் பையன் முரசு அடிச்சுக்கிட்டு மேல ஏறி நிக்கிறான், ஒரு ஆபீசர் வெள்ளைக் கைக்குட்டையை ஆட்டறார். 19ந்தேதி ஏழாயிரத்துக்கு மேல ஆளுங்க ஆயுதத்தைக் கீழ வச்சாங்க. கார்ன்வாலிஸ் உடம்பு சரியில்லன்னு வரவே இல்ல, துணைத்தளபதியை அனுப்பிட்டார். (நம்ம ஒருங்கிணைப்பாளர் கூட என் போனை எடுக்கல, உடம்பு சரியில்லையாம்.) அதே 19ந்தேதிதான் நியூயார்க்லேருந்து உதவிக் கப்பல் பாய் விரிச்சுது. செசபீக் வாசலுக்கு 24ந்தேதி வந்து சேர்ந்துச்சு. அஞ்சு நாள் லேட்.

அஞ்சு நாள். கப்பல் முக்கியம் இல்லையாம்.

இப்ப கேள்விங்களுக்கு வர்றேன். "அப்ப சிப்பாய்ங்க தியாகம் ஒண்ணுமே இல்லையா"ன்னு ரீல் கமெண்ட்ல பதினஞ்சு பேராவது கேட்டிருக்காங்க. ஐயா, அந்த சிப்பாய்ங்க மாசக்கணக்கா சம்பளம் இல்லாம நின்னவங்க. பிலடெல்பியா வழியா தெக்க நடந்து போறப்ப, காசு குடு அப்பதான் நடப்போம்னு முரண்டு பிடிச்சாங்க, ரோஷாம்போகிட்டேருந்து 20,000 டாலர் வெள்ளியா கடன் வாங்கித்தான் ஒரு மாசச் சம்பளம் குடுத்தாங்க. பசிச்சா கேப்பான், கேட்டுட்டும் சண்டை போடுவான், அது தியாகம் இல்லன்னு நான் சொல்லல. தியாகம் தியாகம்னு கத்தற நீங்கதான் அவனுக்கு வயிறு இருந்துச்சுங்கிறதையே மறைக்கிறீங்க. எனக்கு அந்தக் காசை எண்ணிக் குடுத்தவன் யாருன்னு தெரிஞ்சுக்கணும், உங்களுக்கு மாலை போட ஒரு போட்டோ வேணும். வித்தியாசம் அதுதான்.

"பிரான்ஸ்காரன் சும்மாவா வந்தான்?" இல்ல, பழைய தோல்விக்குப் பழி தீர்க்க வந்தான். நான் எங்க அவனுக்குக் கோயில் கட்டச் சொன்னேன்?

"சரடோகாவுல 1777லயே இங்கிலீஷ் படை ஒண்ணு தோத்து, திருப்பம் வந்துடுச்சே?" வந்துச்சு. அதனாலதான் 1778ல பிரான்ஸ் கூட்டு சேர்ந்துச்சு. கூட்டு சேர்ந்து எதை அனுப்பினான், மாட்டுவண்டியா?

நல்ல கேள்வின்னா ஒண்ணே ஒண்ணுதான் வந்துச்சு, டீ குடிக்கிற இடத்துல ஒரு காலேஜ் பொண்ணு கேட்டுச்சு. "மேம், அங்க இருந்த கறுப்பின மக்களுக்கு என்ன சுதந்திரம் கிடைச்சுது?" எனக்கு டம்ளர் கையிலேயே நின்னுடுச்சு. விடுதலை கிடைக்கும்னு ஆயிரக்கணக்குல அடிமைங்க தப்பிச்சு இங்கிலீஷ் படையோட போனாங்க. யார்க்டவுன்ல சாப்பாடு தீர்ந்து, அம்மை பரவினதும் கார்ன்வாலிஸ் அவங்களை வெளிய துரத்தினார். காட்டுல செத்துக் கிடந்தாங்க. மிச்சம் இருந்தவங்களைப் பிடிச்சு முதலாளிங்ககிட்டத் திருப்பிக் குடுத்தாங்க, வாஷிங்டன் பண்ணையிலேருந்து ஓடிப்போனவங்கள்ல சிலர் உள்பட. கப்பல் பூட்டின கதவு அவங்களுக்கும் சேர்த்துதான் பூட்டிக்குச்சு. இதை நான் பேச்சுல சேர்க்கவே இல்ல, எட்டு நிமிஷம் மிச்சம் இருந்திருந்தாலும் சேர்த்திருக்க மாட்டேன், அது என் தப்பு. அந்தப் பொண்ணுகிட்ட சொல்லிட்டேன்.

"நமக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?" இதுக்குத்தாங்க அந்த எட்டு நிமிஷம்.

சரணடைஞ்ச கார்ன்வாலிஸ் அஞ்சு வருஷத்துல இங்க கவர்னர் ஜெனரலா வந்தார். 1792ல திப்புவோட ரெண்டு பசங்களைப் பணயமா எடுத்துக்கிட்டு, திண்டுக்கல்லையும் சேலம், கிருஷ்ணகிரி பக்கத்து பாராமகாலையும் கம்பெனிக்கு வாங்கிக் குடுத்தவர் இதே ஆள். சென்னைக் கோட்டை மியூசியத்துல அவர் சிலை நிக்குது. அங்க தோத்தவனுக்கு இங்க சிலை.

அதை விடுங்க. யார்க்டவுனோட அந்தப் போர் முடியல. பிரான்ஸும் இங்கிலாந்தும் உலகம் பூரா அடிச்சுக்கிட்டாங்க. சுஃப்ரன்ங்கிற பிரெஞ்சுத் தளபதியும் இங்கிலீஷ்காரன் ஹியூஸும் 1782ல சதுரங்கப்பட்டினத்துக்கு எதிர்ல, நாகப்பட்டினத்துக்கு எதிர்ல, திருகோணமலைக்கு எதிர்லன்னு மோதிக்கிட்டே இருந்தாங்க. கரையில ஹைதர் அலி பிரான்ஸோட கூட்டு. பென்சில்வேனியாக்காரன் ஒரு கப்பலுக்கு ஹைதர் அலின்னே பேர் வச்சு 1782 ஏப்ரல்ல டெலவர் வளைகுடாவுல ஒரு இங்கிலீஷ் கப்பலைப் பிடிச்சான். சம்பந்தம் இல்லையாம்!

கடைசியா 1783 ஜூன். இடம், நம்ம கடலூர். உள்ள புஸ்ஸியோட பிரெஞ்சுப் படை, வெளிய ஸ்டூவர்ட்டோட இங்கிலீஷ் படை முற்றுகை, கடல்ல ஹியூஸ் 18 கப்பலோட காவல். ஜூன் 13ந்தேதி ஒரே நாள்ல ரெண்டு பக்கமும் சேர்த்து ஆயிரத்துக்கு மேல செத்தும் காயம்பட்டும் விழுந்தாங்க. அப்புறம் சுஃப்ரன் 15 கப்பலோட வந்தார், 20ந்தேதி சண்டை, ஹியூஸ் மெட்ராஸுக்குத் திரும்பிட்டார். முற்றுகை போட்டவனுக்கே இப்ப கடல்வழி சாமான் நின்னு போச்சு. யார்க்டவுன் மாதிரியே, ஆனா தலைகீழா. மாசக் கடைசியில ஒரு கப்பல் சமாதானக் கொடியோட வருது, ஐரோப்பாவுல ஜனவரியிலேயே பேசி முடிச்சுட்டாங்கன்னு. ஜனவரியில கையெழுத்து, ஜூன்ல நம்ம மண்ணுல பொணம். அந்த சேதியும் கப்பல்லதான் வரணும், வர்ற வரைக்கும் சண்டை.

அமெரிக்க சுதந்திரப் போரோட கடைசிச் சண்டைன்னு இதைத்தான் சொல்லுவாங்க. நாம உக்காந்திருந்த ஹால்லேருந்து அந்தக் கடல் நடந்து போற தூரம். அந்த ஊர்க்காரங்க முன்னாடி, அந்த ஊர் பேர் வர்றதுக்கு ஒரு பக்கம் முன்னாடி, மைக்கை வாங்கிட்டாங்க. நீங்களும் கைத்தட்டினீங்க. நான் யார்க்டவுனைச் சுத்திச் சுத்தி வந்ததே உங்களை நம்ம கடற்கரைக்குக் கூட்டிட்டு வரத்தான்.

அப்பா இருந்திருந்தா "எத்தனை நிமிஷம் குறைஞ்சுது"ன்னு கேட்டிருப்பார். எட்டுப்பா.

மீதிய இங்க எழுதிட்டேன், கணக்கு நேர் ஆயிடுச்சு. அடுத்த மாசக் கூட்டத்துக்கு என்னைக் கூப்பிட வேணாம். சால்வையைத் துவைச்சு மடிச்சு வச்சிருக்கேன், யாராவது வந்து வாங்கிக்குங்க. ஆறு மணிக்கு மேல வீட்லதான் இருப்பேன்.