நான் பொய் சொல்கிறேன், அதனால் நல்ல கிறிஸ்தவன்

"ஐயாமாரே, நான் சொல்றதைக் கேளுங்க. நான் பதிதன் இல்லை. எனக்குப் பொண்டாட்டி இருக்கா, அவளோட குடும்பம் நடத்துறேன். பிள்ளைகள் இருக்கு. கறி திங்கிறேன். பொய் சொல்றேன், சத்தியம் பண்றேன். நான் நல்ல கிறிஸ்தவன்."

1230களில் தென் பிரான்சின் துலூஸ் நகரத்தில் ஒரு மனிதர் ஊர் கேட்க இப்படிச் சொன்னார். பெயர் ழான் திசேர். திசேர் என்றால் நெசவாளர். புறநகரில் குடியிருந்த சாதாரண ஆள். திருச்சபைக் கொள்கைக்கு விரோதமானவர்களைத் தேடிப் பிடித்த மதவிசாரணைக்காரர்கள் அவரைப் பிடித்திருந்தார்கள். இந்தப் பேச்சை எழுதிவைத்தவர் கியோம் பெலிசோன் என்ற தொமினிக்கன் துறவி, அதாவது விசாரித்த தரப்பைச் சேர்ந்தவர். அதனால் ழானுக்குச் சாதகமாக இட்டுக்கட்டியிருக்க வழியில்லை.

இதை முதலில் படித்தபோது இரண்டு மூன்று தடவை திரும்பப் படித்தேன். தன்னை நல்லவன் என்று காட்ட ஒருவர் தான் பொய் சொல்வதைச் சாட்சிக்குக் கூப்பிடுகிறார். ஏன்? அந்த ஊரில் பதிதர், அதாவது மதத்துக்கு விரோதி, என்று சொல்லப்பட்டவர்கள் பொய் சொல்ல மாட்டார்கள், சத்தியம் செய்ய மாட்டார்கள். கல்யாணம் கிடையாது. கறி, முட்டை, பால், பாலாடைக்கட்டி எதையும் தொட மாட்டார்கள், மீன் மட்டும் உண்டு. ஒரு கோழியைக்கூடக் கொல்ல மாட்டார்கள். கண்ணால் பார்க்கிற இந்த உலகம் கடவுள் படைத்தது அல்ல, தீய சக்தி படைத்தது, ஆன்மா இந்த உடம்புக்குள் சிறைப்பட்டிருக்கிறது என்பது அவர்கள் நம்பிக்கை. தலைமேல் கைவைத்து அவர்கள் கொடுக்கும் ஒரு சடங்குதான் விடுதலைக்கு வழி. அதைப் பெற்றுக்கொண்டால் இத்தனை கட்டுப்பாட்டோடும் வாழ வேண்டும். அதனால் சாதாரண சனங்கள் சாகும் தறுவாயில்தான் அதைக் கேட்டார்கள். அதுவரை நம்மைப் போல உண்டு, உழைத்து, பிள்ளை பெற்று வாழ்ந்தார்கள்.

சரித்திரப் புத்தகங்கள் இவர்களைக் கதார்கள் என்றும் அல்பிஜென்சியர் என்றும் சொல்லும். ஊர்க்காரர்கள் சொன்னது 'நல்ல மனிதர்கள்', 'நல்ல பெண்கள்' என்றுதான். இது தனிச் சபையாக அமைந்த மதமா, அந்த வட்டாரத்தின் பக்தி வழக்கமா என்று ஆய்வாளர்கள் இன்னும் சண்டை போடுகிறார்கள். என் மனம் இரண்டாவது பக்கம்தான் கொஞ்சம் சாய்கிறது, குறைந்தபட்சம் ஆரம்ப காலத்தைப் பொறுத்தவரை.

மேலே 'பதிதன்' என்று ஒரு சொல் போட்டிருக்கிறேன். அது எங்க ஆச்சியின் சொல். நாங்கள் கத்தோலிக்கர்கள். பக்கத்து வீடு சி.எஸ்.ஐ. அந்தக் காலத்துப் பிரசங்கங்களில் புராட்டஸ்டன்ட்காரர்களைப் பதிதர் என்றுதான் சொல்வார்கள், ஆச்சிக்கும் அது நாக்கில் ஒட்டிக்கொண்டது. "அவுக பதிதருல்லா" என்பாள். அதே ஆச்சி கிறிஸ்துமஸுக்கு முந்திரிக்கொத்து பிடித்தால் முதல் தட்டு அந்த வீட்டுக்குத்தான் போகும். அந்த வீட்டுப் பெரியம்மாவுக்குப் பேறுகாலம் பார்த்ததும் ஆச்சிதான். இந்த இரண்டும் அவளுக்குள் ஒரு நாளும் மோதிக்கொண்டதாக எனக்குத் தெரியவில்லை. துலூஸைப் பற்றிப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தத் தட்டு ஞாபகம் வருகிறது.

ஏனென்றால் அங்கேயும் அப்படித்தான் இருந்திருக்கிறது. துலூஸின் பிஷப் ஃபூல்க் ஒரு முறை போன்ஸ் அதெமார் என்ற கத்தோலிக்கப் பிரபுவிடம் கேட்டார்: இவர்கள் சொல்வது தவறு என்று உங்களுக்கே தெரிகிறதே, பிறகு ஏன் உங்கள் நிலத்திலிருந்து இவர்களை விரட்டவில்லை? அவர் சொன்ன பதில்: முடியாது. அவர்களோடுதான் வளர்ந்தோம், எங்கள் சொந்தக்காரர்கள் அவர்களில் இருக்கிறார்கள், அவர்கள் நேர்மையாக வாழ்வதையும் கண்ணால் பார்க்கிறோம்.

நம் ஊரில் சொன்னால், தாயா பிள்ளையாப் பழகினவங்களை எப்படி விரட்டுறது? அவ்வளவுதான். இதில் கருத்துச் சுதந்திரம் பற்றிய தத்துவம் எதுவும் இல்லை. அதனால்தான் இந்தப் பதில் எனக்குப் பெரிதாகத் தெரிகிறது. மத்தியகாலம் என்றாலே எல்லாரும் மதவெறியில் கண் மூடிக் கிடந்தார்கள் என்று எழுதுகிறவர்களோடு எனக்கு ஒப்புதல் இல்லை. அந்தச் சனங்கள் ஒருவரையொருவர் சகித்துக்கொண்டு என்றுகூடச் சொல்ல வேண்டாம், சும்மா சேர்ந்து வாழ்ந்துகொண்டிருந்தார்கள். அதைப் பிரிக்கப் படையும் பதிவேடும் தேவைப்பட்டன.

முதலில் வந்தது படை. 1209 ஜூலை 22, பெசியே நகரம். போப் மூன்றாம் இன்னொசென்ட் அறிவித்த சிலுவைப்போர்ப் படை வாசலில் நிற்கிறது. அந்த ஊர் பிஷப் 222 பெயர்கள் கொண்ட பட்டியலோடு வந்து, இவர்களை ஒப்படையுங்கள், அல்லது அவர்களை விட்டுவிட்டு நீங்கள் வெளியே வந்துவிடுங்கள் என்கிறார். ஊரில் பெரும்பாலானோர் கத்தோலிக்கர்கள். வெளியே வந்திருந்தால் உயிர் பிழைத்திருக்கும். ஒப்படைக்க மாட்டோம் என்று சொல்லிவிட்டார்கள். அன்றைக்கு ஊரே வெட்டப்பட்டது. கிட்டத்தட்ட 20,000 பேர் என்று போப்பின் தூதர்கள் அவருக்கே எழுதினார்கள். அது மிகைக் கணக்காக இருக்கலாம், ஆனால் தேவாலயத்துக்குள் ஒளிந்தவர்களையும் விடவில்லை. "எல்லாரையும் கொல்லுங்கள், தம்மவர் யார் என்று கடவுளுக்குத் தெரியும்" என்ற வாசகத்தைத்தான் எல்லாரும் பகிர்கிறார்கள். அது பத்து வருடங்களுக்கு மேல் கழித்து ஜெர்மானியத் துறவி ஒருவர் எழுதியது, நிஜமாகவே சொல்லப்பட்டதா என்பது சந்தேகம். ஆனால் அந்த 'ஒப்படைக்க மாட்டோம்' நிஜமாகவே நடந்தது. அதை ஏன் யாரும் பகிர்வதில்லை என்பது என் ஆதங்கம்.

இருபது வருடச் சண்டை 1229இல் ஒப்பந்தத்தில் முடிந்தது. அதற்கு அப்புறம் வந்ததுதான் பதிவேடு. 1233இல் போப் ஒன்பதாம் கிரகோரி தொமினிக்கன் சபையிடம் விசாரணைப் பொறுப்பைக் கொடுத்தார். வந்தவர்கள் எல்லாம் வெளியூர்க்காரர்கள் என்று சொல்லித் தப்பிக்கவும் முடியாது. துலூஸின் முதல் விசாரணையாளர்களில் ஒருவரான பியேர் செலா அந்த ஊர்க்காரர்தான், தொமினிக் அங்கே சபை தொடங்கியபோது தன் வீட்டையே கொடுத்தவர்.

1234 ஆகஸ்ட் 5. புனிதர் பட்டம் பெற்ற தொமினிக்கின் முதல் திருநாள். அப்போதைய துலூஸ் பிஷப் ரேமோன் பூசை முடித்து, சாப்பிட உட்காரும் முன் கை கழுவப் போகிறார். அப்போது ஊர்க்காரர் ஒருவர் வந்து, பக்கத்துத் தெருவில் காய்ச்சலில் கிடக்கும் ஒரு மூதாட்டி நல்ல மனிதர்களிடம் அந்தச் சடங்கைப் பெற்றிருக்கிறாள் என்று சொல்கிறார். பிஷப் நேராக அங்கே போகிறார். வீட்டில் இருந்தவர்களுக்கு அவளை எச்சரிக்க நேரமில்லை. "அம்மா, பிஷப் உங்களைப் பார்க்க வந்திருக்கார்" என்று மட்டும் ஒருவர் சொல்கிறார். நல்ல மனிதர்களுக்கும் பிஷப் உண்டு. அவர்தான் வந்திருக்கிறார் என்று கிழவி நினைத்துக்கொண்டாள். பிஷப்பும் திருத்தவில்லை. கட்டிலருகே உட்கார்ந்து, இந்த உலக வாழ்க்கை அற்பமானது, சாவுக்குப் பயந்து நம்பிக்கையை மாற்றிப் பேசக் கூடாது என்று ஆறுதல் போலப் பேசினார். அவளும் மனதைத் திறந்து எல்லாவற்றையும் சொன்னாள். மிச்சம் இருக்கிற இந்தக் கொஞ்ச நாளுக்காக என் நம்பிக்கையை மாற்றிக்கொள்ள மாட்டேன் என்றாள். உடனே அவர், நீ பதிதை என்று தீர்ப்புச் சொன்னார். கட்டிலோடு அவளைத் தூக்கிக்கொண்டு போய், பிரபுவின் புல்வெளியில் எரித்தார்கள்.

அப்புறம் பிஷப்பும் துறவிகளும் மடத்துக்குத் திரும்பி, கடவுளுக்கும் தொமினிக்குக்கும் நன்றி சொல்லி, தயாராக இருந்த சாப்பாட்டை மகிழ்ச்சியோடு சாப்பிட்டார்கள். இதையும் பெலிசோன்தான் எழுதுகிறார், பெருமையாக. நான் கோயிலுக்குப் போகிறவன். ஞாயிறு பூசை தவறவிடாதவன். அதனாலேயே இதை எழுதுகிறேன். அந்தக் கட்டிலருகே உட்கார்ந்து பேசிய பேச்சு, சாகப்போகிறவருக்கு ஒரு குருவானவர் சொல்கிற ஆறுதலின் அதே சொற்கள். அதைத் தூண்டிலாகப் பயன்படுத்தியதை என்னால் இன்றுவரை செரிக்க முடியவில்லை.

ஊர் சும்மா இருக்கவில்லை. புதைத்த பிணங்களைக்கூட விசாரணைக்காரர்கள் தோண்டி, எலும்புகளைத் தெருவில் இழுத்துக்கொண்டு, "இப்படிச் செய்கிறவன் இப்படியே படுவான்" என்று கூவியபடி போய் எரித்தார்கள். ஒருவர் தண்டனை பெற்றால் சொத்துப் பறிமுதல், அதாவது பேரப்பிள்ளை வரைக்கும் தெருவுக்கு வரும். 1235இல் நகரசபை பொறுக்க முடியாமல் துறவிகளுக்கு எதிராகக் கட்டுப்பாடு போட்டது: அந்த மடத்துக்கு யாரும் எதையும் விற்கக் கூடாது, கொடுக்கக் கூடாது. வாசலில் காவல். அப்போது சில ஊர்க்காரர்கள், தங்களுக்கு ஆபத்து என்று தெரிந்தும், தோட்டத்துச் சுவருக்கு மேலாக ரொட்டியும் பாலாடைக்கட்டியும் நீட்டினார்கள். நவம்பரில் துறவிகளை ஊரை விட்டே வெளியேற்றினார்கள். வெளியே போக மறுத்துத் தரையில் படுத்தவர்களைத் தலையும் காலும் பிடித்துத் தூக்கிப் போட்டார்கள். மறு வருடமே திரும்பி வந்துவிட்டார்கள்.

அந்தச் சுவருக்கு மேல் நீண்ட ரொட்டியை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பத்து வருடம் கழித்து, 1245 மே முதல் 1246 ஆகஸ்ட் வரை, துலூஸின் சான் செர்னான் ஆலய முற்றத்தில் பெர்னார் தெ கோ, ழான் தெ சான் பியேர் என்ற இரண்டு தொமினிக்கன்கள் விசாரணை நடத்தினார்கள். சுற்றுவட்டக் கிராமங்களிலிருந்து பதினான்கு வயதுக்கு மேற்பட்ட ஆண்களும் பன்னிரண்டுக்கு மேற்பட்ட பெண்களும் வர வேண்டும். 5,000 பேருக்கு மேல் வந்தார்கள். அந்த வாக்குமூலங்களின் பிரதி இன்றும் துலூஸ் நகராட்சி நூலகத்தில் 609ஆம் எண் சுவடியாக இருக்கிறது. கேள்வி என்ன தெரியுமா? கடவுளைப் பற்றி என்ன நம்புகிறாய் என்பதல்ல. நல்ல மனிதர்களைப் பார்த்தாயா? எங்கே? கூட யார் இருந்தார்கள்? கும்பிட்டாயா? அவர்கள் ஆசீர்வதித்த ரொட்டியைச் சாப்பிட்டாயா? ஏதாவது கொடுத்தாயா?

ரொட்டி கொடுத்தது குற்றமானது. கும்பிட்டது குற்றமானது. தெருவில் பார்த்தால் குனிந்து வணங்குவது அந்த ஊர் மரியாதை. அதைச் சிறுவயதிலிருந்து யோசிக்காமல் செய்தவர்கள், முப்பது வருடம் முன்பு யாரை வணங்கினோம் என்று சத்தியம் செய்து சொல்ல வேண்டியதாயிற்று. கூடவே யார் இருந்தார்கள் என்றும். என் எண்ணத்தில் விசாரணை செய்த பெரிய வேலை இதுதான். உள்ளே என்ன நம்பிக்கை என்பதை அதனால் தொட முடியாது. பழக்கத்தைத் தொட முடியும்.

நல்ல மனிதர்களை நான் தெய்வமாக்கவும் இல்லை. அதே சுவடியில் காம்பியாக் என்ற ஊரைச் சேர்ந்த எமர்சாந்த் என்ற பெண்ணின் வாக்குமூலம் இருக்கிறது. சின்ன வயதில் பிள்ளைத்தாய்ச்சியாக இருந்தபோது, நல்ல பெண்கள் எல்லார் முன்னாலும் அவளிடம், உன் வயிற்றில் இருப்பது பேய் என்று சொன்னார்கள். கூடியிருந்தவர்கள் சிரித்தார்கள். உடம்பு தீமையின் படைப்பு என்ற கொள்கை ஒரு பிள்ளைத்தாய்ச்சியிடம் வந்து நிற்கும்போது இப்படித்தான் முடிகிறது. அவள் அதோடு அவர்களை விட்டு விலகிவிட்டாள், அதற்காகப் புருஷனிடம் வசவும் வாங்கினாள். பிறகு விசாரணையில் உண்மையைச் சொல்லிவிடுவாள் என்று பயந்து, சொந்த ஊர்க்காரர்களே ஒரு ராத்திரி அவளைப் பெரிய மதுப்பீப்பாய்க்குள் அடைத்து வைத்தார்கள். கேலி செய்த ஊர், காட்டிக்கொடுக்கச் சொன்ன சபை, இரண்டுக்கும் நடுவில் அவள்.

குறைந்த தண்டனை கிடைத்தவர்கள் சட்டையில் முன்னும் பின்னும் மஞ்சள் சிலுவை தைத்துக்கொண்டு நடக்க வேண்டும். அவர்களைக் கேலி செய்யாதீர்கள், கொடுக்கல் வாங்கலை நிறுத்தாதீர்கள் என்று பிறகு திருச்சபையே உத்தரவு போட வேண்டியிருந்தது. 222 பேரைக் கொடுக்க மறுத்த அதே வட்டாரத்தில், பேரப்பிள்ளைகள் காலத்தில் நிலைமை இது.

ழான் திசேர் என்ன ஆனார்? ஊர் அவருக்காகச் சத்தம் போட்டது. விசாரணைக்காரர்களைத் திட்டியது. அதனால் உடனே எரிக்காமல் பிஷப்பின் சிறையில் போட்டார்கள். கொஞ்ச நாளில் லாவோர் என்ற ஊரிலிருந்து நல்ல மனிதர்கள் சிலரைப் பிடித்து அதே சிறைக்குள் தள்ளினார்கள். ராத்திரியும் பகலும் அவர்களோடு இருந்த ழான், அவர்களிடம் அந்தச் சடங்கைக் கேட்டு வாங்கிக்கொண்டார். இனி கறி இல்லை, பொய் இல்லை, சத்தியம் இல்லை, பொண்டாட்டியும் இல்லை. மனம் மாறச் சொன்னபோது மறுத்துவிட்டு அவர்களோடேயே எரிந்துபோனார். அவருக்காகப் பேசியவர்கள் வாயடைத்துப் போனார்கள். நாங்கள் அப்போதே சொன்னோமே என்ற தொனியில் பெலிசோன் எழுதுகிறார். எனக்கு அப்படித் தோன்றவில்லை. உள்ளே போகும்போது அவர் சொன்னது உண்மை என்றே நம்புகிறேன்.

ஊர் கேட்க அவர் சொன்ன அந்தப் பொண்டாட்டியையும் பிள்ளைகளையும்தான் அதிகம் நினைக்கிறேன். எரிக்கப்பட்டவரின் வீடும் நிலமும் பறிபோகும் என்பது சட்டம். 1279இல் பிரெஞ்சு அரசர் மூன்றாம் பிலிப், துலூஸில் அப்படித் தண்டிக்கப்பட்டவர்களின் வாரிசுகளுக்குச் சொத்துரிமையை விட்டுக்கொடுத்து ஒரு சாசனம் கொடுத்தார். அதில் 278 பெயர்கள் இருக்கின்றன. அதற்குள் அந்தப் பிள்ளைகளில் உயிரோடு இருந்தவர்களும் கிழவர்களாகியிருப்பார்கள்.