90 நாள் ஜாமீன் என்றால் விடுதலை அல்ல
ஒரு நண்பர், கொலை வழக்கில் 90 நாளில் ஜாமீன் கிடைத்ததால் ஆள் நிரபராதி என்று கோர்ட்டே சொல்லிவிட்டதாக எழுதியிருக்கிறார். இல்லைங்க. போலீஸ் அந்த 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்யவில்லை, அதனால் ஜாமீன் கேட்கும் உரிமை வந்தது, அவ்வளவுதான். இதில் நீதிபதி சாட்சியங்களின் பலத்தையே பார்ப்பதில்லை, காலண்டரைத்தான் பார்க்கிறார், அதுவும் கைதான நாளிலிருந்து அல்ல, கோர்ட் முதலில் ரிமாண்ட் செய்த (காவலில் வைக்க உத்தரவிட்ட) நாளையும் சேர்த்து எண்ணி (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் பிரிவு 167(2), இப்போது அதற்குப் பதிலாக வந்த பிஎன்எஸ்எஸ் சட்டத்தில் 187(3)). அப்புறம், 91ஆம் நாள் சிறைக் கதவு தானாகத் திறக்காது. மனு போட வேண்டும், ஜாமீன்தாரரை நிறுத்த வேண்டும். மனுவுக்கு முன்பே குற்றப்பத்திரிகை வந்துவிட்டால் அந்த உரிமை போச்சு, அதனால்தான் வக்கீல்கள் அன்று காலையிலேயே மனுவோடு ஓடுகிறார்கள். உபா (சட்டவிரோத நடவடிக்கைகள் தடுப்புச் சட்டம்) வழக்கென்றால் கோர்ட் இந்த 90 நாளை 180 நாள் வரை நீட்டிக்கலாம். வெளியே வந்தாலும் கொலை வழக்கு அப்படியே நடக்கும்.