நான்காவது வாய்ப்பு

உங்கள் கட்டுரையில் குரோஷிய டென்னிஸ் வீரர் கோரான் இவானிசெவிச்சின் ஏஸ்களை (எதிராளி தொடக்கூட முடியாத சர்வீஸ்களை) பக்கம் பக்கமாக எழுதிவிட்டு, அவர் பட்டம் வென்ற 2001 விம்பிள்டனை ஒற்றை வரியில் கடந்துவிட்டீர்களே, மனம் ஆறவில்லை. 1992, 1994, 1998 என அங்கேயே மூன்று இறுதிப் போட்டிகளில் தோற்றவர் அவர். தரவரிசையில் 125ஆம் இடத்துக்குச் சரிந்து, வைல்டு கார்டு (போட்டி அமைப்பாளர்கள் தரும் சிறப்பு அனுமதி) தயவில்தான் உள்ளே வந்தார். மழையால் மூன்று நாள் இழுத்த அரையிறுதியில் பிரிட்டனின் ஹென்மனை வென்று, திங்கட்கிழமை இறுதிப் போட்டியில் ஆஸ்திரேலியாவின் ராஃப்டரை எதிர்கொண்டார்.

ஐந்தாவது செட், 8-7 என இவானிசெவிச் முன்னிலை; சர்வீஸும் அவருடையது. பட்டத்துக்கு ஒரே புள்ளி போதும் என்ற நிலையில் டபுள் ஃபால்ட்: இரண்டு சர்வீஸும் தவறி, புள்ளி போனது. அடுத்த வாய்ப்பிலும் டபுள் ஃபால்ட்! வாழ்நாளெல்லாம் சோறு போட்ட சர்வீஸே கைவிட்ட நேரம் அது. நான்காவது வாய்ப்பில் ராஃப்டர் அடித்த பந்து வலையில் விழுந்ததும் இவானிசெவிச் புல்தரையில் சரிந்தார். அந்த வெற்றியை, 1993இல் கார் விபத்தில் மறைந்த நண்பர், கூடைப்பந்து வீரர் டிராஷன் பெட்ரோவிச்சுக்குக் காணிக்கையாக்கினார். அதையும் எழுதியிருக்க வேண்டும்.