வட்டிலப்பம் அரபு நாட்டுச் சாப்பாடு இல்ல

அண்ணா, நம்ம இலங்கையில செய்ற வட்டிலப்பம்ங்கிற இனிப்பைப் பத்தி உங்க போஸ்ட்டுல "வட்டிலப்பம் அரபு வியாபாரிகள் கொண்டு வந்தது"ன்னு போட்டிருக்கீங்க, அது சரியில்ல. பெருநாளைக்கு முஸ்லிம் வீடுகள்ல செய்றதால அப்படி நினைக்கத் தோணும், ஆனா அதுல என்ன போடுறாங்கன்னு பாருங்க, தேங்காப்பால் அதுவும் கெட்டியான முதல் பால், கித்துள் (கூந்தற்பனை) கருப்பட்டி, முட்டை, ஏலக்காய், சாதிக்காய், எல்லாத்தையும் அடிச்சு வடிச்சு ஆவியில அவிக்கிறது. இதுல எது அரேபியாப் பக்கத்துச் சமையல்? இது கிழக்குப் பக்கத்து வழி. இந்தோனேசியா, மலேசியாவுல முட்டையும் தேங்காப்பாலும் சீனியும் சேர்த்து 'ஸ்ரீகாயா' செய்றாங்க, ரெண்டும் கிட்டத்தட்ட ஒரே கை.

கொழும்பு 1656ல இருந்து 1796 வரைக்கும் டச்சுக்காரன்ட கையில இருந்திச்சு, ஜாவாப் பக்கமிருந்து படைவீரர்களையும் நாடுகடத்தின ராஜ குடும்பத்து ஆக்களையும் இங்க கொண்டு வந்தது அவங்கதான். அவங்க கொண்டு வந்த அந்த ஆக்களத்தான் இங்க மலாய்க்காரங்கன்னு சொல்றது. அந்த மலாய்க்காரங்க வழியாத்தான் வட்டிலப்பம் வந்திச்சுன்னு பொதுவாச் சொல்றாங்க, எனக்கும் அதுதான் பொருத்தமாப் படுது. கொழும்புக் கொம்பனித்தெருவுல மலாய்க் குடும்பங்கள் இன்னமும் இருக்கு.

அங்கால தமிழ்நாட்டுல கீழக்கரை, காயல்பட்டினத்துலயும் இதைச் செய்றாங்க, அதையும் விட்டுட்டீங்க. மலாய்க்காரங்கட பங்க அப்படியே அழிச்ச மாதிரி இருக்கு, தயவுசெஞ்சு போஸ்ட்டைத் திருத்திவிடுங்க.