கெதன் மக்களுக்கு எந்த விகுதி?

அறிபுனைவில் பாலினம் என்று பேச்செடுத்தாலே எல்லாரும் வந்து நிற்கிற இடம், அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா லெ குவின் 1969இல் வெளியிட்ட நாவல் ‘தி லெஃப்ட் ஹேண்ட் ஆஃப் டார்க்னஸ்’. நிற்கவேண்டிய இடம்தான். ஆனால் நாம் எழுதும் குறிப்புகளில் பெரும்பாலானவை “ஆணும் பெண்ணும் இல்லாத ஓர் உலகம், என்ன கற்பனை!” என்பதோடு முடிந்துபோகின்றன. கற்பனையைப் பாராட்டிவிட்டு வாக்கியங்களைப் படிக்காமல் விடுகிறோம். இந்த நாவலின் சண்டை முழுக்க வாக்கியத்துக்குள்தான் நடக்கிறது. அதில் சமயம் ஒரு பக்கம், பாலினம் ஒரு பக்கம் என்று பிரித்து வாசிக்கவும் முடியாது. இரண்டும் ‘ஹீ’ என்ற ஒரே ஆங்கிலச் சொல்லில் மாட்டிக்கொண்டிருக்கின்றன.

படிக்காதவர்களுக்காகச் சுருக்கமாக. (முடிவையும் பேசப்போகிறேன், வேண்டாதவர்கள் இங்கேயே நிறுத்திக்கொள்ளலாம்.) கெதன் என்ற குளிர்க்கோளுக்கு ஜென்லி ஆய் என்ற ஆண் தூதராகப் போகிறான். அங்குள்ளவர்களின் உடற்சுற்று 26 முதல் 28 நாள். அதில் 21, 22 நாள் ஆண், பெண் என்ற பேதமே உடலில் கிடையாது, காமமும் கிடையாது. 22ஆம் நாளோ 23ஆம் நாளோ கெம்மர் என்கிற பருவம் தொடங்கும். அப்போது இணையைப் பொறுத்து ஒருவர் ஆணாகவோ பெண்ணாகவோ ஆகிறார். எதுவாக ஆவது என்பது அவரவர் விருப்பத்தில் இல்லை. சில பிள்ளைகளைப் பெற்ற தாயே வேறு சில பிள்ளைகளுக்குத் தந்தையாகவும் இருக்கலாம்.

இத்தனையும் சொல்லிவிட்டு லெ குவின் எல்லாரையும் ‘ஹீ’ என்றே எழுதினார். அதற்கான காரணத்தை நாவலுக்குள்ளேயே, ஏழாம் அத்தியாயத்தில், கெதனை முன்பே ஆராய்ந்த ஒரு பெண் ஆய்வாளரின் களக்குறிப்பாக வைத்தார். எல்லாம் கடந்த கடவுளைச் சுட்ட ஆண்பாற் சொல்லைப் பயன்படுத்துகிறோம் அல்லவா, அதே காரணம்தான் இங்கும் என்கிறார் அந்த ஆய்வாளர். பெண்பாலையும் அஃறிணையையும்விட ஆண்பால் குறைவாகத்தான் எதையும் வரையறுக்கிறதாம். அடுத்த வரியிலேயே ஒப்புக்கொண்டும் விடுகிறார்: அந்தச் சொல்லை மனதுக்குள் சொல்லச் சொல்ல, எதிரே இருப்பவர் ஆண் இல்லை என்பது மறந்து மறந்து போகிறது.

என்னைக் கேட்டால் நாவலிலேயே மிக நேர்மையான இடம் இதுதான். கெதன்காரருக்கும் கடவுளுக்கும் மொழிக்குள் ஒரே சங்கடம் என்று கண்டுகொண்ட இடம்.

தமிழ் வாசகருக்கு இது புதிதாக இருக்கக்கூடாது. தொல்காப்பியம் சொல்லதிகாரத்தின் தொடக்கத்திலேயே, கிளவியாக்கத்தின் நான்காம் நூற்பாவில், இரண்டையும் சேர்த்தே பேசுகிறது: “ஆண்மை திரிந்த பெயர்நிலைக் கிளவியும் தெய்வம் சுட்டிய பெயர்நிலைக் கிளவியும் இவ்வென அறியும் அந்தம் தமக்கிலவே.” ஆண்மை திரிந்தவர்களைக் குறிக்கும் பெயருக்கும், தெய்வத்தைக் குறிக்கும் பெயருக்கும் தமக்கென்று ஓர் ஈறு கிடையாது. உயர்திணைப் பால் விகுதிகளில் ஒன்றை வாங்கித்தான் நடக்கவேண்டும். பேடி வந்தாள், தேவன் வந்தான். உலகத்தில் இவ்வளவு பெயர்கள் இருக்க, இலக்கணம் இந்த இரண்டையும் ஒரே மூச்சில் சொல்வதற்கு என்ன காரணமோ அதே காரணத்தில்தான் ஏழாம் அத்தியாயத்து ஆய்வாளரும் வந்து மாட்டிக்கொள்கிறார்.

நம்மாழ்வாரிடம் போனால் இன்னும் கிட்டத்தில் பார்க்கலாம். “ஆணல்லன் பெண்ணல்லன் அல்லா அலியுமல்லன்.” (கடைசிச் சொல் இன்று வசைச்சொல்லாகிவிட்டது, பாசுரத்தின் காலத்துச் சொல்லாக மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.) மூன்று மறுப்பு, மூன்றிலும் ‘அல்லன்’. ஆண் இல்லை என்று சொல்கிற சொல்லே ‘-அன்’ என்று ஆண்பாலில் முடிகிறது. மறுப்பதற்குக்கூட ஒரு பால் தேவைப்படுகிறது. அதே பாசுரம் “கோணை பெரிதுடைத்து எம்பெம்மானைக் கூறுதலே” என்று முடியும். எம்பெருமானைச் சொல்ல வருவதே பெரிய கோணல் என்கிறார். அந்தக் கோணலை மறைக்காமல் பாட்டிலேயே வைத்துவிட்டார்.

லெ குவினுக்கு இந்தத் தெளிவு மெதுவாகத்தான் வந்தது. ‘விண்டர்ஸ் கிங்’ என்ற சிறுகதை, அதே கெதன், அதே 1969, முதலில் ‘ஹீ’யில் வந்தது. 1975 தொகுப்பில் சேர்த்தபோது எல்லாரையும் ‘ஷீ’ ஆக்கினார், அரசன், பிரபு என்ற பட்டங்களை மட்டும் ஆண்பாலாகவே விட்டார். ஆனால் 1976இல் எழுதிய கட்டுரையில், புதுச் சொல் புனைந்து ஆங்கிலத்தைச் சிதைக்கமாட்டேன் என்று உறுதியாக நின்றார். 1987இல் அந்தக் கட்டுரையை அழிக்காமல், பக்கத்திலேயே மறுப்புக் குறிப்புகளை எழுதிச் சேர்த்தார். புதுச் சொல் வேண்டாம் என்ற அந்த உறுதி அடுத்த சில ஆண்டுகளிலேயே உடைந்துபோனது என்றும், கெதன்காரர்களைத் தேவையே இல்லாமல் எதிர்ப்பால் உறவுக்குள் பூட்டிவிட்டேன் என்றும் ஒப்புக்கொண்டார். பழைய வாதத்தையும் புதிய வாதத்தையும் அடுத்தடுத்து அச்சில் நிறுத்துகிற துணிவு எத்தனை எழுத்தாளருக்கு வரும்?

‘ஹீ’யைக் காப்பாற்ற ஒரு வாதம் உண்டு. சொல்கிறவன் ஜென்லி, அவனுக்குக் கண் திறக்கவில்லை, ஆகவே அது அவனுடைய ‘ஹீ’ என்பார்கள். பாதிதான் நிற்கும். நாவலில் ஜென்லி சொல்லாத அத்தியாயங்களும் இருக்கின்றன: கெதனின் பழங்கதைகள், ஜென்லியின் பயணத்துணையாகும் கெதன்காரர் எஸ்திராவெனின் நாட்குறிப்பு. அங்கேயும் ‘ஹீ’தான். எல்லாவற்றையும் தொகுத்துத் தருகிறவன் ஜென்லிதானே என்று பதில் வரும். அப்படியானால் அந்தத் தொகுப்பாளனின் கையை வாசகர் உணர ஒரு தடயமாவது வேண்டும். அந்த அத்தியாயங்களில் எனக்கு அப்படி ஒன்று தட்டுப்படவில்லை.

இப்போது சமயம். இதை வெறும் பின்னணி வண்ணமாக நினைத்துத் தாண்டிப்போகிறவர்கள் பாதி நாவலை விடுகிறார்கள். கெதனில் இரண்டு மரபுகள். ஹந்தாராவுக்குக் கோயில் இல்லை, குருமார் வரிசை இல்லை. அறியாமையையும் இருளையும் போற்றுகிறது. அதன் குறிசொல்வோர் கேட்டதற்குச் சரியாகப் பதில் சொல்லக்கூடியவர்கள், ஆனால் அந்தக் கலையை வளர்த்ததே தவறான கேள்விக்குக் கிடைக்கும் பதில் எவ்வளவு வீண் என்று காட்டத்தான் என்கிறார்கள். யோமெஷ் அதிலிருந்து கிளைத்தது. மெஷே என்பவர் எல்லாவற்றையும் கண்டார், அவருக்கு இருள் என்பதே இல்லை, முழுக்க ஒளி. இந்த ஒளிமதம் செல்வாக்கோடு இருக்கிற ஓர்கோரெய்ன் நாட்டில்தான் அடையாளத்தாள், ஒற்றர், தொழில்முகாம் எல்லாம் வருகின்றன. முகாமில் கைதிகளுக்கு மருந்து கொடுத்துக் கெம்மரையே அடக்கிவிடுகிறார்கள். நிழலுக்கு இடம் தராத நம்பிக்கை, உடலின் மாற்றத்துக்கும் இடம் தராது. இதை லெ குவின் எங்கும் விளக்கவில்லை, இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்திருக்கிறார், அவ்வளவுதான்.

பிறகு பனிப்பரப்பு. ஜென்லியும் எஸ்திராவெனும் சறுக்குவண்டியை இழுத்துக்கொண்டு போகிறார்கள். ஒரு கட்டத்தில் வானமும் தரையும் ஒரே வெள்ளை. வெளிச்சம் தாராளமாக இருக்கிறது, நிழல் மட்டும் இல்லை. நிழல் இல்லாததால் மேடு பள்ளம் தெரியவில்லை, பனிப்பிளவு காலடியில் வாய் திறந்து கிடந்தாலும் தெரியாது. காலை எடுத்து வைக்கவே முடியவில்லை. நடப்பதற்கு நிழல் வேண்டியிருக்கிறதே என்று வியக்கிறார்கள். ஹந்தாராவின் தத்துவம் முழுக்க இங்கே உள்ளங்காலுக்கு வந்துவிடுகிறது. ஜென்லி தாவோ மரபின் கறுப்பு வெள்ளை வட்டத்தை வரைந்து எஸ்திராவெனிடம் காட்டுவதும் இதற்குப் பிறகுதான். சமயத்தைப் புனைவில் வைப்பது எப்படி என்று கேட்பவர்களுக்கு நான் இந்தப் பகுதியைத்தான் காட்டுவேன். பூசை, மந்திரம், புராணம் ஒன்றும் வேண்டாம். நம்பிக்கை ஒரு மனிதர் கால் வைக்கிற விதத்தை மாற்றவேண்டும்.

குறையையும் சொல்லிவிடுகிறேன். கெதனில் நூற்றுக்கு மூன்று நான்கு பேர் எப்போதும் ஒரே பாலில் இருப்பவர்கள். அவர்களை அந்தச் சமூகம் ‘திரிந்தவர்’ என்று இளப்பமாகப் பார்க்கிறது. குறிசொல்லும் குழுவில் அப்படி ஒருவரைச் சேர்த்து அவருடைய நிலையைச் சடங்கின் எரிபொருளாக்குகிறார்கள். அவருடைய குரல் நமக்குக் கேட்பதே இல்லை. நம் ஊர் இயல்பு அங்கே விலக்காகிறது என்ற தலைகீழ் சாமர்த்தியம் சரி, அதற்குப் பிறகு அந்த மனிதரை ஆசிரியர் மறந்துவிட்டார்.

லெ குவினின் ‘எர்த்சீ’ மாயப்புனைவு வரிசையிலும் இதே சிக்கல்தான். ரோக் தீவு மந்திரப் பள்ளியில் ஆண்களுக்கு மட்டுமே இடம். பெண்களின் மந்திரம் பலவீனமானது, பொல்லாதது என்று பழமொழியே உண்டு. 1971இல் வந்த இரண்டாம் நூலில் பெண்களுக்கு அதிகாரம் கிடைக்கிற இடம் ஒரு பாலைவனக் கல்லறைக் கோயில், அங்கும் பெயரற்ற இருள் சக்திகளுக்கு ஊழியம். அந்த வரிசைக்கு அவர் 1990இல் ‘தெஹானு’வோடு திரும்பி வந்துதான் அந்தப் பழமொழியைக் கேள்வி கேட்டார்.

இனி எனக்கு மிக முக்கியமான பகுதி. இந்த நாவலைத் தமிழில் செய்யும் ஒருவர் என்ன செய்யவேண்டும்?

ஆங்கிலத்தில் பால் சுட்டுப்பெயரில் மட்டும்தான் ஒட்டியிருக்கிறது, பெயரைச் சொல்லித் தப்பிக்கலாம். தமிழில் எஸ்திராவென் என்று பெயரைச் சொன்னாலும் வினைமுற்று காட்டிக்கொடுத்துவிடும். வந்தானா, வந்தாளா, வந்தாரா, வந்ததா? எல்லாரையும் ‘ஷீ’ என்றே எழுதிய ஆன் லெக்கியின் ‘ஆன்சிலரி ஜஸ்டிஸ்’ (2013) தமிழுக்கு வந்தால் இந்தத் தொல்லை இன்னும் கூடும். வாக்கியத்துக்கு வாக்கியம் ‘-ஆள்’ விழும்போது, இவர்கள் எல்லாரும் பெண்கள் என்றே வாசகர் முடிவு கட்டிவிடுவார்.

உடனே கை போவது ‘அவர்’ பக்கம். மரியாதையானது, பொதுவானது, திருநர் பலருக்கும் உகந்தது. ஆனால் இந்த நாவலில் தொடக்கம் முதல் ‘அவர்’ போட்டால் இரண்டு இடங்களில் கை சுடும். ஒன்று, அந்தப் புகழ்பெற்ற சிறு வாக்கியம். “மன்னன் கருவுற்றிருந்தான்” என்றால் தூக்கிவாரிப்போடும். “மன்னர் கருவுற்றிருந்தார்” என்றால் அரண்மனைச் செய்திக்குறிப்புப் போல வழுக்கிக்கொண்டு போய்விடும், ஏனென்றால் ஓர் அரசியையும் அந்த ‘-ஆர்’ தாங்கும். இன்னொன்று, ஜென்லி முதலில் எஸ்திராவெனை நம்புவதில்லை, உள்ளூர வெறுக்கிறான். ‘அவர்’ அந்த வெறுப்பை மரியாதையாக மாற்றிவிடும். அது போக, மருத்துவர் வந்தார், நீதிபதி வந்தார் என்று படித்ததும் நம் மனதில் எழும் உருவம் பெரும்பாலும் ஆண்தான். ‘அவர்’ நாம் நம்புகிற அளவுக்குப் பொதுவானது அல்ல.

‘அது’வுக்கு இரண்டு முகம். “பாப்பா தூங்கிருச்சு”, “அந்தப் பொண்ணு சொல்லுச்சு” என்று பேச்சில் பாசத்தோடு வரும். அதே ‘அது’ திருநர்மேல் கல்லாக எறியப்படுவதும் நம் தெருக்களில்தான். அந்தக் கல்லை மொழிபெயர்ப்பாளர் கையில் எடுக்கக்கூடாது.

நான் சொல்லும் வழி, விகுதியை நூல் முழுக்க ஒன்றாக வைக்காமல் சொல்கிறவரைப் பொறுத்து மாற்றுவது. ஜென்லியின் முற்பகுதி முழுக்க ‘அவன்’ இருக்கட்டும், அந்தக் குருட்டுத்தனம் வாசகரையும் உறுத்தட்டும். எஸ்திராவெனின் நாட்குறிப்பில் தன்மை வினைக்குப் பால் கிடையாது: நடந்தேன், பார்த்தேன், பயந்தேன். பிறரைக் குறிக்கும் இடங்களைப் பெயரெச்சமாகவும் தொழிற்பெயராகவும் மடக்கிவிடலாம், “அரசன் சொன்னான்” என்பதை “அரசவையில் கேட்ட சொல்” என்று திருப்புவதுபோல. கொஞ்சம் முறுக்கிக்கொள்ளும், ஆனால் அது வேற்றுலகத்தார் எழுதிய நாட்குறிப்பு, முறுக்கு இருக்கலாம்.

பனிப்பரப்பில் தமிழே கைகொடுக்கும். வண்டி இழுத்தோம், கூடாரம் அடித்தோம், பங்கிட்டுத் தின்றோம் என்று பக்கம் பக்கமாகப் பாலே தெரியாமல் போகலாம். ஆங்கிலத்தில் இல்லாத இன்னொரு வசதியும் நமக்கு உண்டு. அறிக்கையில் ‘நாங்கள்’ என்று எழுதும் ஜென்லி, கூடாரத்துக்குள் பேச்சில் எந்த நாளில் முதன்முதலாக ‘நாம்’ என்கிறான், ‘நீங்கள்’ எப்போது ‘நீ’ ஆகிறது என்று மொழிபெயர்ப்பாளர் நாள் குறித்து வைத்துக்கொள்ளவேண்டும். எஸ்திராவென் கெம்மரில் இருக்கும் இரவில், அவரைப் பெண்ணாகவும் இருப்பவராக இத்தனை நாள் பார்க்க மறுத்துவந்ததை ஜென்லி உணர்கிறான். அதற்குப் பிறகு ‘-ஆன்’ ஒன்றுகூட அவன் பேனாவிலிருந்து விழக்கூடாது.

‘-ஆர்’ விகுதியை அதுவரை தொடாமல் சேர்த்துவைக்கவேண்டும். கடைசிப் பக்கத்தில், எஸ்திராவெனின் பிறந்த வீட்டில், எஸ்திராவெனின் பிள்ளை ஜென்லியிடம் கேட்கிறது: எப்படி இறந்தார், எங்களுக்குச் சொல்வீர்களா? பெற்றவரைப் பற்றிப் பிள்ளை கேட்கும்போது தமிழில் அந்த ‘-ஆர்’ தானாகவே வரும்.